மூன்றாவது மூடி

கிருபாராணியின் வலது கை ஒருமுறை, தொரப்பள்ளியில் அவள் கட்டிலில் குறட்டை விட்டுக்கொண்டிருந்தபோது, அத்திப்பள்ளி டோல்கேட்டைத் தாண்டிப் போய்க்கொண்டிருந்த லாரியில் பதினேழாவது பெட்டியின் அடியில் கிடந்த ஒரு சொத்தை பிஸ்டனைக் கண்டுபிடித்தது. சத்தியம். தூக்கத்திலேயே கை எழுந்து சுவரைச் சுட்டியது, அவள் போன் போட்டாள், லாரி திரும்பி வந்தது, பெட்டியைப் பிரித்தார்கள், பிசிறு இருந்தது. நம்பாதவர்கள் வரிசையில் நிற்கலாம். வரிசையின் தலைமாட்டில், சட்டைப் பையில் மூன்று பேனாக்களோடு, தரக்கட்டுப்பாட்டு மேலாளர் ஜெகதீஷ் ஏற்கெனவே நின்றுகொண்டிருக்கிறார்.

சரி, லாரியை விடுங்கள். லாரி இல்லாமலேயே அந்தக் கை பெரிய கைதான். ஓசூர் சிப்காட்டில் பிரேக்குக்கு பிஸ்டன் செய்கிற ஒரு கம்பெனியில், பிஸ்டன்களைக் கண்ணால் பார்த்துச் சோதிக்கும் பிரிவின் முதல் மேசையில், இருபத்தேழு வருடமாக நாளொன்றுக்கு ஏழாயிரம் பீஸ். இடது கை எடுக்கும், விளக்கடியில் ஒரு சுற்று சுற்றும். நல்லதென்றால் வலது கை பச்சை மார்க்கரால் ஒரு பொட்டு வைக்கும், சொத்தையென்றால் சிவப்புத் தொட்டியில் தட்டும். நெற்றியில் பொட்டே வைக்காத சி.எஸ்.ஐ. குடும்பத்துப் பெண் இதுவரை வைத்திருக்கும் பொட்டு ஐந்து கோடிக்கு மேல்; ஓசூர் நெற்றிகள் அத்தனைக்கும் வைத்து, மிச்சத்தை மூட்டை கட்டிக் கர்நாடகத்துக்கு ஏற்றுமதி செய்யலாம். புதிதாக வேலைக்கு வருபவர்களுக்கு அவள் சொல்லிக்கொடுப்பது ஒரே பாடம்: பொட்டு இல்லாத பீஸ், பீஸே இல்லை. அதை யாரும் எண்ண மாட்டார்கள், பில் போட மாட்டார்கள், தேட மாட்டார்கள்.

வேடிக்கை என்னவென்றால், எது சொத்தை என்று அவளுக்கே தெரியாது. கைக்குத்தான் தெரியும். கை தட்டிவிட்டு அடுத்த பீஸை எடுத்த பிறகுதான், தாமதமாக வரும் கம்பெனி பஸ் மாதிரி, 'ஓ, அதில் ஒரு கீறல் இருந்தது' என்று செய்தி அவளுக்கு வந்து சேரும்.

ஜெகதீஷ் இதற்கு ஒரு பயிற்சி வகுப்பே எடுத்தார்.

"கண்ணு, காது, தோலு எல்லாம் சேந்து நொடிக்கு நொடி மூட்டை மூட்டையா சேதி உள்ள அனுப்புதுங்க்கா. அதுல நமக்குத் தெரிய வர்றது ஒரு கைப்பிடி. மிச்சத்த மூளை வாசல்லயே நிறுத்திடும். நம்ம லைன் மாதிரியேதான்."

"அப்போ தலைக்குள்ள ஒரு இன்ஸ்பெக்டர் உக்காந்துகினு இருக்கான்னு சொல்றீங்க."

"அப்டியே வெச்சிக்கோங்க."

"அவன் தள்ற ரிஜெக்ட் எல்லாம் எந்தத் தொட்டில சார் உழுது?"

வகுப்பே சிரித்தது. ஜெகதீஷும் சிரித்தார். "தொட்டியெல்லாம் இல்லக்கா. போனது போனதுதான்."

கிருபாராணி சிரிக்கவில்லை. அவள் பார்த்த வரையில், தள்ளிய பீஸ் எதுவும் காற்றில் கரைந்ததில்லை. ஒவ்வொன்றும் ஏதோ ஒரு தொட்டியில் கிடக்கத்தான் செய்தது.

அந்த வாரம் சோதனைக்கு ஒரு கேமராப் பெட்டி வந்தது. அதற்கு இடம் வேண்டுமென்று அவள் மேசையைத் திருப்பிப் போட்டார்கள். இத்தனை காலம் சுவரைப் பார்த்து உட்கார்ந்தவள் முதன்முறையாக நடைபாதையைப் பார்த்து உட்கார்ந்தாள். ஜன்னலும் தெரிந்தது. காலை எட்டரைக்கு ஜெகதீஷ் காரை நிறுத்துவது தெரிந்தது: இறங்குவார், பின்கதவைத் திறப்பார், பரமண்டல ஜெபத்தில் முதல் இரண்டு வரி சொல்லும் நேரம் நிற்பார், ஒன்றையும் எடுக்காமல் கதவைச் சாத்துவார். பை வலது கையில். இடது கை பக்கவாட்டில், பாதி மூடி, எதையோ பிடித்த மாதிரி. படித்தவர்களுக்கு ஆயிரம் பழக்கம் என்று விட்டுவிட்டாள்.

விட முடியாதது நடைபாதைதான்.

கூலண்ட் எண்ணெயின் புளித்த வாடை, கம்ப்ரஸர் விட்டுவிட்டு விடும் பெருமூச்சு, நிழலே விழாத அளவுக்கு நாலாபுறமும் எரிகிற வெள்ளை விளக்குகள், இவற்றுக்கு நடுவே மெஷின் ஷாப்பிலிருந்து கேண்டீன் வரை நேர்கோடாகப் போகிறது அந்தப் பாதை. இரண்டு பக்கமும் மஞ்சள் கோடு. நடுவில் சாம்பல் நிறத் தரை, இரண்டு வருடத்துக்கு முன் புதிதாகப் பூசியது, சேஃப்டி ஷூக்கள் தேய்த்துத் தேய்த்து வெளுத்திருந்தது. அந்த வெளுப்பு நேராக வந்து, இரண்டாம் மேசைக்கும் மூன்றாம் மேசைக்கும் இடையே, ஆற்று நீர் பாறையைச் சுற்றிக்கொண்டு போவதுபோல ஒரு வளைவு வளைந்து, மறுபடி நேராகப் போனது. வளைவுக்குள்ளே ஒரு முறம் அளவு இடத்தில் தரை புத்தம்புதிதாகப் பளபளத்தது.

அங்கே பாறை இல்லை. ஒன்றுமே இல்லை.

அன்று முழுக்கப் பார்த்தாள். ஏழாயிரம் பீஸையும் கை பார்த்துக்கொண்டது. கண்ணை அவள் பாதைக்குக் கொடுத்துவிட்டாள். டிராலி தள்ளுகிறவன் வளைந்தான். வீட்டுக்கதை பேசிக்கொண்டு வந்த இருவர் பேச்சு அறாமல் ஆளுக்கொரு பக்கமாகப் பிரிந்து மறுபடி சேர்ந்தார்கள். நெரிசலான பஸ்ஸில் தோளை ஒருக்களிப்பது போல எல்லோரும் அந்த இடத்தில் தோளை ஒருக்களித்தார்கள். போனில் முகம் புதைத்து வந்த ஒரு பயிற்சிப் பையன், தலை நிமிராமலே, வெற்றிடத்தைப் பார்த்து "சாரிங்க" என்றுவிட்டுப் போனான்.

"என்னத்தக்கா அப்படி வெறிக்கிய?" என்றாள் இரண்டாம் மேசை பார்வதி. நாங்குநேரிப் பக்கத்துப் பெண். வந்து மூன்று வருடம். வாய் கம்ப்ரஸரைவிடச் சத்தம்.

"அந்த எடத்துல ஒருத்தரும் கால் வெக்க மாட்டேங்கறாங்க, பாரு."

"ஆயிலு கொட்டியிருக்கும்."

"ரெண்டு வருசமாவா?"

பார்வதி எட்டிப் பார்த்தாள். கண் அங்கே போய், நழுவி, மூன்றாம் மேசைக்குப் போயிற்று. "ஒண்ணுமில்லியே," என்றாள்.

மூன்றாம் மேசை எப்போதும் காலி. டிஷ்யூ பேப்பரைக்கூட எண்ணிக் கொடுக்கிற கம்பெனி, காலி மேசைக்கு ஏன் நாள் முழுக்க விளக்கெரிக்கிறது என்று அன்றுதான் கிருபாராணிக்குத் தோன்றியது. நாற்காலி முதுகில் ஒரு ஏப்ரன் தொங்கியது.

மதியம் தூக்குப் பாத்திரத்தைப் பிரித்தாள். எலுமிச்சைச் சாதம். வழக்கம்போல் எவர்சில்வர் மூடிகளில் பங்கு வைத்தது கை. அவளுக்கு ஒன்று, ஊறுகாய் சாதத்தின் மேலேயே. பார்வதிக்கு ஒன்று, அதே போல. மூன்றாவது மூடியில் சாதத்தை ஒரு பக்கமாக ஒதுக்கி, ஊறுகாயைத் தனியாக, சாதத்தில் படாமல், ஓரத்தில் வைத்தது.

கிருபாராணி அந்த மூடியையே பார்த்தாள்.

"யாருக்குடி இது?"

"எனக்கென்ன தெரியும்? எப்பவும் மூணுதானே வைப்பிய. நான் ஒல்லியா இருக்கேன்னு எனக்கு ரெண்டு பங்குன்னு நெனச்சேன்."

"உனக்கு ஊறுகா சாதத்துல பட்டா ஆவாதா?"

"நான் ஊறுகாயில சோத்தப் பெசையிறவ."

அவளுக்கும் ஆகும். பார்வதிக்கும் ஆகும். அப்படியென்றால் ஊறுகாய் படாமல் சாப்பிடுவது யார்? அந்த ஆளை இவ்வளவு அக்கறையாகக் கைக்குத் தெரிந்திருக்கிறது. அவளுக்குத் தெரியவில்லை.

சாப்பாடு முடிந்ததும் வெளுத்த கோட்டின் மேல் நேராக நடந்து பார்த்தாள். இரண்டாம் மேசை வந்தது. மூன்றாம் மேசை தாண்டியிருந்தது. இடையில் வளைந்ததே தெரியவில்லை. திரும்பிப் பார்த்தால் வளைவுக்கு வெளியே வந்து நிற்கிறாள். மறுபடி நடந்தாள். மறுபடியும். மூன்றாவது தடவை பல்லைக் கடித்துக்கொண்டு, தன் கால்களை மட்டும் பார்த்துக்கொண்டு நடந்தபோது, வலது கால் அந்தப் பளபளப்பின் விளிம்பில் இறங்க மறுத்து, சண்டி மாடு போல் ஒதுங்கியது. அந்த ஒரு நொடியில் மூக்கில் வாடிய கனகாம்பரமும் வேர்வையும் கலந்த ஒரு வாசனை. மிகப் பக்கத்தில். பஸ்ஸில் ஒட்டி நிற்கிறவளின் வாசனை.

மூன்றாம் மேசைக்குப் போய் ஏப்ரனை எடுத்தாள். நெஞ்சில் நூலால் பெயர் தைத்திருந்தது. எழுத்து ஒவ்வொன்றும் தெரிந்தது. பெயர் மட்டும் வந்து சேரவில்லை. படித்து முடித்ததும் என்ன படித்தாள் என்பது நினைவில் இல்லை.

சரி, கண்ணுக்கு வேண்டாம் என்றால் கண் இருக்கட்டும். கிருபாராணி கண்ணை இறுக மூடி, மார்க்கரைக் கையிடம் கொடுத்தாள். 'நீ எழுது' என்றாள். கை எழுதியது. திறந்து பார்த்தபோது உற்பத்தித் தாளின் பின்புறம், அவளுடைய சொந்தக் கோழிக்கிறுக்கலில்: மோகனப்ரியா.

அப்படி ஒருத்தியை அவளுக்குத் தெரியாது.

தாளோடு ஜெகதீஷின் அறைக்குப் போனாள். அவர் வருகைப் பதிவைத் தேடினார். "அப்டி ஒரு பேரு நம்ம ரோல்லயே இல்லக்கா."

"ரோல்ல இல்லன்னு தெரிஞ்சிதான் வந்தேன். தொட்டில இருக்காளான்னு பாருங்க."

அவர் சிரித்துக்கொண்டே சிசிடிவி பதிவைப் போட்டுக் காட்டினார். பாதை தெரிந்தது, வளைந்து போகும் ஆட்கள் தெரிந்தார்கள். "பாருங்க, யாரும் இல்ல."

"கேமரா பாத்திருக்கும் சார். கேமராவப் பாக்கறது உங்க கண்ணுதானே?"

"இந்த லாரிக் கதை மாதிரி இதையும் ஊரெல்லாம் சொல்லிட்டு இருக்காதீங்க," என்றார். நிரூபித்துக் காட்டுகிறேன் என்று அவரே எழுந்து வந்து பாதையில் நடந்தார். அந்த இடத்தில் தோளை ஒருக்களித்தார். பாதி மூடிய இடது கையைத் தன் தொடையோடு சேர்த்து இழுத்துக்கொண்டார், ஏதோ இடித்துக்கொள்ளாமல் இருக்க.

"ஒண்ணும் இல்ல, பாத்தீங்களா?"

"வளைஞ்சீங்க."

"நானா?"

திங்கட்கிழமை அது பார்வதிக்கும் ஆரம்பித்தது.

மூக்கண்டப்பள்ளி நிறுத்தத்தில் அவள் கைகாட்டியும் கம்பெனி பஸ் நிற்கவில்லை. உள்ளே இருந்த கிருபாராணி கத்தியபிறகு டிரைவர் சென்னகிருஷ்ணன் பிரேக் போட்டு, "யாருமே இல்லியேக்கா அங்க... ஓ, நீயாம்மா, ரா ரா," என்று அசடு வழிந்தார். செவ்வாய்க்கிழமை கேண்டீனில் வரிசையில் முன்னால் நின்றவளுக்குத் தட்டு வராமல் பின்னால் நின்றவனுக்கு வந்தது. புதன்கிழமை காலைக் கூட்டத்தில் ஜெகதீஷ் ஒவ்வொரு பெயராகச் சொல்லி, அவள் பெயரில் இருமலுக்கு நிறுத்துவதுபோல் ஒரு கணம் நிறுத்தி, அடுத்த பெயருக்குப் போனார்.

"நான் என்ன ஒட்டடையா?" என்று முதல் நாள் சிரித்தாள். இரண்டாம் நாள் ஏசினாள். மூன்றாம் நாள் பஸ்ஸில், ஜன்னல் பக்கம் பார்த்துக்கொண்டே மெதுவாகச் சொன்னாள்: "யக்கா. காலையில எங்க அம்மைக்குப் போன் போட்டேன். யாருன்னு கேக்கா."

வெளியே நாற்பத்துநான்காம் நெடுஞ்சாலையில் லாரிகள் ஒன்றன்பின் ஒன்றாகச் சூளகிரிப் பக்கம் உறுமிப் போயின. கிருபாராணி அவளுடைய மணிக்கட்டைப் பிடித்தாள்.

"இங்க பாரு. இருபத்தேழு வருசத்துல நான் புடிச்ச பீஸ் எதுவும் என் கையைத் தாண்டிப் போனதில்ல. நீயும் போவ மாட்ட. எவன் வந்து தள்றான்னு நானும் பாக்கறேன்."

பார்வதியும் அவள் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டாள். நகம் பதிய.

அடுத்த வாரம் கிருபாராணி மதியம் தனியாகச் சாப்பிட உட்கார்ந்தாள்.

எப்போதும் தனியாகத்தான் சாப்பிடுவாள். அந்தப் பிரிவில் அவள் ஒருத்திதான். இரண்டாம் மேசையும் மூன்றாம் மேசையும் எப்போதும் காலி. கம்ப்ரஸர் பெருமூச்சு விட்டது. கூலண்ட் வாடை. விளக்குகள் ஒரு நிழலும் இல்லாமல் எரிந்தன. தக்காளிச் சாதம். தூக்கைப் பிரித்தாள். கை பங்கு வைத்தது.

ஒரு மூடி.

இரண்டு மூடி.

மூன்றாவது மூடியில் ஊறுகாய், ஓரமாக, சாதத்தில் படாமல்.

தனியாகச் சாப்பிடுகிறவளுக்கு எதற்கு மூன்று மூடி?

கிருபாராணி அசையவில்லை. விளக்கின் ரீங்காரம் கேட்டது. அதற்கு அடியில், வெகு தூரத்தில் ரேடியோ ஓடுவது போல, இன்னொன்றும் கேட்டது. கேட்டதும் காதிலிருந்து நழுவிவிட்டது. நடைபாதையைப் பார்த்தாள். வெளுப்பு இப்போது இரண்டு இடத்தில் வளைந்தது. இரண்டாவது வளைவு அவள் மேசைக்கு அருகில். மிக அருகில். கை நீட்டினால் தொடும் தூரம்.

கண்ணை மூடினாள். மார்க்கரைப் பிடித்தாள். கை எழுதியது.

பார்வதி.

படித்தாள். பெயர் வழுக்கியது. மறுபடி படித்தாள். யாரோ. யாரோ ஒருத்தி. வாய் பெரிசு. ஊறுகாயில்... ஊறுகாயில் என்ன? போயிற்று.

அப்போதுதான் இடது மணிக்கட்டைப் பார்த்தாள். நான்கு நகத்தடங்கள். பழைய தடமல்ல. சிவந்து, ஈரமாக. அவள் பார்த்துக்கொண்டிருக்கும்போதே, அந்த நான்கும், இன்னும் கொஞ்சம், ஆழமாக, அழுந்தின.

யாரோ பிடித்துக்கொண்டிருக்கிறார்கள்.

இப்போது.

விடவே இல்லை.

சைரன் அலறியது. தீ விபத்து ஒத்திகை. மூன்று மாதத்துக்கு ஒருமுறை அறிவிப்பில்லாமல் வரும். மெஷின்கள் நின்றன. ஷூக்கள் ஓடின. கூட்டம் அவளையும் தள்ளிக்கொண்டு வெளியே போனது. அவள் மார்க்கரை மட்டும் விடவில்லை.

பின்பக்க மைதானம். நல்ல வெயில். 'ஒன்றுகூடும் இடம்' என்ற பச்சைப் பலகைக்குக் கீழே எல்லோரும் வரிசை கட்டினார்கள். ஜெகதீஷ் தலைகளை எண்ணினார், பதிவோடு சரிபார்த்தார். "இருநூத்திப் பன்னண்டு. சரியா இருக்கு. எல்லாரும் உள்ள போலாம்."

கிருபாராணி வரிசைகளைப் பார்த்தாள். யாரும் யாருக்கும் சொல்லாமல், இருநூற்றுப் பன்னிரண்டு பேரும் இடைவெளி விட்டு நின்றிருந்தார்கள். இங்கே ஒரு ஆள் அகலம். அங்கே இரண்டு ஆள் அகலம். நடுவே ஒரு வரிசை முழுக்கக் காலி. ஒருவரும் அதில் நிற்கவில்லை. தலைக்கு மேல் நல்ல வெயில், பக்கத்தில் வேப்பமர நிழல் ஒரு கூடாரம் போலக் காலியாகக் கிடந்தது. அதற்குள்ளும் ஒருவர்கூட ஒதுங்கவில்லை.

இதுதான் தொட்டி.

"எண்ணிக்கை தப்பு சார்!"

எல்லோரும் திரும்பினார்கள்.

"அக்கா, ரோலு கையில இருக்கு. சரியா இருக்கு."

"பொட்டு வெச்சதத்தான் எண்ணியிருக்கீங்க. பொட்டு வெக்காத பீஸ் பீஸே இல்லன்னு சொல்லிக்குடுத்தவ நான்தான். தப்பாச் சொல்லிக்குடுத்துட்டேன். திருப்பி எண்ணுங்க."

"வெயில்ல நிக்கறாங்கக்கா எல்லாரும்."

"நிக்கட்டும். எத்தனை வருசமா நிக்கறாங்களோ!"

யாரோ சிரித்தார்கள். அவள் காதில் வாங்கவில்லை. கண்ணை மூடினாள். கால் ஒதுங்கப் பார்த்தது. 'நீ ஒதுங்கினா வெட்டிப் போடுவேன்' என்று காலிடம் சொன்னாள். உள்ளே உட்கார்ந்திருக்கும் அந்த இன்ஸ்பெக்டரிடம் சொன்னாள்: உனக்கு சர்வீஸ் எத்தனை வருசம்டா? எனக்கு இருபத்தேழு. தள்ளிப் போ. மணிக்கட்டின் நான்கு நகங்களும் எந்தப் பக்கம் இழுத்தனவோ அந்தப் பக்கம் கையை நீட்டினாள்.

காற்று.

காற்று.

தோல்.

வேர்வையில் நனைந்த நெற்றி. நடுங்குகிற நெற்றி. கை அதை ஒரு சுற்று சுற்றிப் பார்த்தது, ஐந்து கோடி தடவை பார்த்தது போல. பிறகு பொட்டு வைத்தது.

கண்ணைத் திறந்தாள். வெயிலில், அவள் முகத்துக்கு நேரே, ஒன்றுமே இல்லாத இடத்தில், ஒரு பச்சைப் பொட்டு நின்றது. ஈரம் மினுங்கியது. மேலும் கீழும் மெல்ல அசைந்தது. மூச்சு வாங்குவது போல.

கூட்டத்தின் சிரிப்பு நின்றது.

பிறகு பொட்டைச் சுற்றி ஒரு முகம். உதடு வெடித்த, வாய் பிளந்த, கத்திக்கொண்டே இருந்த முகம். சத்தம் கடைசியாக வந்தது.

"...யக்கா யக்கா யக்கா..."

"வந்துட்டேன்டி. புடிச்சிட்டேன்."

பார்வதியின் தொண்டை கிழிந்திருந்தது. "ஏழு நாளாக் கத்துதேன்க்கா. உங்க காதுலயே கத்துனேன். மூணாம் மேசைப் புள்ளதான் என் கையைப் பிடிச்சிக்கிட்டே நின்னா." தன் பக்கத்துக் காற்றை இழுத்து முன்னால் நிறுத்தினாள். கிருபாராணியின் கை தானாகப் போய், அங்கே ஒரு காதோரத்து முடியை ஒதுக்கி, பொட்டு வைத்தது. கனகாம்பர வாசனை. ஒட்டிய கன்னம். மோகனப்ரியா கண்ணைக்கூடச் சிமிட்டாமல் நின்றாள். தன்னை ஒருவர் பார்க்கிறார் என்பதை அவளால் நம்ப முடியவில்லை.

இரண்டு பீஸும் கைக்கு வந்துவிட்டன. கிருபாராணிக்குச் சிரிப்பு வந்தது. "இருநூத்திப் பதினாலு சார்!" என்று கூவினாள். "எழுதுங்க!"

"இல்லக்கா," என்றாள் பார்வதி.

"என்ன இல்ல?"

"ரெண்டு பேரு மட்டும் இல்ல."

அவள் கிருபாராணியின் விரல்களிலிருந்து மார்க்கரைப் பிடுங்கினாள். ஓடினாள். அந்தக் காலி வரிசைக்குள். எம்பினாள், குனிந்தாள், கையை வீசினாள். போன இடமெல்லாம் பச்சை. ஒரு பொட்டு. நான்கு. பத்து. அந்தரத்தில். நெற்றி உயரத்தில். வேப்பமர நிழலுக்குள் நெருக்கி நெருக்கி முப்பது. மதில் சுவரை ஒட்டி ஒரு கோடு. கேட்டுக்கு வெளியே, பஸ் நிறுத்தத்தில், சர்வீஸ் ரோட்டில்.

இவற்றைச் சுற்றி முகம் வரவில்லை. அவர்களுக்கு மூடி எடுத்து வைக்கிற கை யாரிடமும் இல்லை. பொட்டுகள் மட்டும். எல்லாம் ஒரே பக்கம் பார்த்து நின்றன. வரிசையில் நின்ற இருநூற்றுப் பன்னிரண்டு பேரின் பக்கம்.

ஒருவரும் ஓடவில்லை. எந்தப் பக்கம் ஓடினால் எதில் இடிப்போம் என்று யாருக்கும் தெரியவில்லை.

பார்வதி திரும்பி வந்தாள். மூச்சிரைத்தது. மார்க்கரில் மை வற்றிக்கொண்டிருந்தது. ஜெகதீஷின் முன்னால் வந்து நின்று, அவர் முகத்தைப் பார்த்தாள். பிறகு கீழே பார்த்தாள். அவருடைய இடது பக்கம். பாதி மூடிய அந்தக் கைக்குப் பக்கத்தில்.

"வேண்டாம்," என்றார் ஜெகதீஷ்.

பார்வதி மண்டியிட்டு, அவர் இடுப்புக்கும் கீழே, மிச்ச மையில் ஒரு பொட்டு வைத்தாள். சின்னப் பொட்டு.

அவருடைய மூன்று பேனாக்களும் நடுங்கின. இடது கையின் விரல்கள், யாரும் சொல்லாமல், எதையோ சுற்றி இறுகின. தினமும் எட்டரைக்குப் பின்கதவைத் திறந்து, ஒரு குழந்தை இறங்கும் வரை காத்திருந்து, அதைப் பிடித்துக்கொண்டு வந்த கை. அவர் கீழே குனிந்து பார்க்கவில்லை. நேராகக் கிருபாராணியையே பார்த்தார். கண் நிறைந்து வழிந்தது.

"லாரிக் கதைய நம்ப மாட்டேன்னு சொன்னேன்ல," என்றார்.

கீழே, அவர் கையோரத்தில், அந்தப் பச்சைப் பொட்டு மெல்ல அண்ணாந்தது.

"நடந்ததுதாங்க்கா," என்றார் ஜெகதீஷ். "எல்லாம் நடந்தது."